மெயின்லேண்ட் போன பிரகாசம்

வீட்டில் இல்லாதவர் என்று ஓர் இனம் இருக்கிறது. கடன் வாங்கும் நாளில் ஆபீஸ் திறக்கும் முன்பே வாசலில் நிற்பார். கட்டச் சொல்லி நோட்டீஸ் வரும் நாளில் மட்டும் வீட்டில் இருக்க மாட்டார். மற்ற ஊர்களில் இந்த இனம் கட்டிலுக்கு அடியில் ஒளிய வேண்டியிருக்கிறது, பாவம். எங்கள் அந்தமானில் அந்தச் சிரமம் இல்லை. "மெயின்லேண்ட் போயிருக்காவ" என்றால் போதும். நடுவில் ஆயிரத்துச் சொச்சம் கிலோமீட்டர் கடல். யார் நீந்திப் போய்ப் பார்ப்பது?

டெய்ரி ஃபார்ம் என்கிற பேட்டையில் குடியிருக்கும் பிரகாசத்தைப் பாருங்கள். படகு எஞ்சினுக்கென்று அரசாங்கக் கடன் வாங்கி, நாலு தவணை ஒழுங்காகக் கட்டி, ஐந்தாவதுக்கு எஞ்சின் இருமுகிறது என்று காரணம் சொல்லி, ஆறாவதுக்குக் காரணமும் சொல்லாமல் விட்டவர். கடன் நிலவரி பாக்கியைப்போல வசூலிக்கும் கட்டத்துக்கு வந்து, தாசில்தார் ஆபீஸ் பியூன் நல்லதம்பி நோட்டீஸோடு வந்து நின்றார். பிரகாசத்துக்குச் சட்டம் தெரியும். ஒரே ஒரு சட்டம்: கையெழுத்துப் போட்டு வாங்காத நோட்டீஸ், வராத நோட்டீஸ். அவர் கவலையெல்லாம் வேறு. மகள் ஜோஸ்லினுக்கு, தூத்துக்குடிப் பக்கம் அவருடைய சொந்த ஊரில், அண்ணன் வீட்டுக்கு எதிர்வீட்டிலேயே மாப்பிள்ளை பேசியிருந்தது. அந்தமானில் பெரிய ஆள் என்று அங்கே அவருக்குப் பெயர். கோயிலில் மூன்று ஞாயிறு கல்யாண அறிவிப்பு ஓலை வாசித்து முடியும்வரை அந்தப் பெயரில் கீறல் விழக்கூடாது.

"அவுக மெயின்லேண்ட் போயிருக்காவ" என்றாள் மனைவி லூசி. கொடியில் ஈர லுங்கி சொட்டிக்கொண்டிருந்தது.

"அச்சா. கப்பல்லயா?"

"ஆமா, கப்பல்ல."

"இந்த வாரம் கப்பலே போகலையேமா?"

உள்ளே யாரோ தும்மினார்.

"போன வாரக் கப்பல்" என்றாள் லூசி.

நல்லதம்பி எழுதிக்கொண்டு போனார். அந்த ஞாயிற்றுக்கிழமை சிப்பிகாட்டில் ஒரு ஞானஸ்நான விருந்து. இருவரும் ஒரே பந்தியில் எதிரெதிரே உட்கார்ந்து பிரியாணி சாப்பிட்டார்கள்.

"மெயின்லேண்ட்ல மழையா சார்?"

"நல்ல மழை" என்றார் பிரகாசம், எலும்பைக் கடித்தபடி.

மூன்றாம் முறை வந்தபோது நல்லதம்பி விலாசம் கேட்டார். லாட்ஜில் கிடக்கிறார் என்று நினைத்துவிட்டால் என்ன ஆவது? திரைக்குப் பின்னாலிருந்து பிரகாசம் கிசுகிசுத்தார்: "சொந்த வீடுன்னு சொல்லுடி." லூசி சொன்னாள். ஊரில் அவர் பங்குக்கு வீடு இருப்பதையும், அங்கேதான் தங்கியிருப்பதையும், கதவு எண்ணையும் சேர்த்தே சொன்னாள். "பஹுத் அச்சா" என்று நல்லதம்பி ஒவ்வொன்றாக எழுதிக்கொண்டார்.

ஆபீஸ் நம்பிவிட்டது. கடன்காரரின் சொத்து வேறு மாவட்டத்தில் இருந்தால், இங்குள்ள கலெக்டர் அங்குள்ள கலெக்டருக்குச் சான்றிதழ் அனுப்பி, அங்கேயே வசூலிக்கச் சொல்லலாம். பிரகாசத்துக்குத் தெரியாத சட்டம் இது. அவர் போகாத கப்பலில் அவருடைய ஃபைல் போனது.

ஒருநாள் காலையில் அண்ணன் போன் செய்தார்.

"ஏல, ஊருக்கு வந்திருக்கியாம்லா? வீட்டுக்கு வராம எங்கல சுத்துத?"

"நானா? யாருண்ணே சொன்னா?"

"கவர்மென்ட்டு சொல்லுது. கதவுல ஒட்டிட்டுப் போயிருக்கான், ஒம் பங்க ஜப்தி பண்ணப் போறானாம். மாப்பிள்ளையோட அப்பா கண்ணாடியப் போட்டு ரெண்டு வாட்டி வாசிச்சாரு. ஓலைய நிறுத்தி வைக்கச் சொல்லிட்டாரு."

பிரகாசம் செருப்பில்லாமல் தாசில்தார் ஆபீஸுக்கு ஓடினார். "நல்லதம்பி, நான் இங்கதான இருக்கேன்! அந்த நோட்டீஸக் குடும், கையெழுத்துப் போடுதேன்!"

"அதெப்படி சார்? ஃபைல்ல நீங்க மெயின்லேண்ட்ல இருக்கீங்க."

"கண்ணு முன்னால நிக்கேம்லா!"

"நிக்கிறீங்க. திரும்பி வந்த கப்பல் டிக்கெட் காட்டுங்க, எழுதிக்கிறேன்."

போகாத மனிதர் எந்த டிக்கெட்டைக் காட்டுவார்? வீட்டில் ஜோஸ்லின் அன்று சாப்பிடவே இல்லை. அந்தப் பெண்ணை நினைத்தால் எனக்கும் சிரிப்பு வரவில்லை.

நீங்கள் சிரிக்கிறீர்கள். சிரியுங்கள். போன வாரம் வீட்டு வரிக்காரர் மணி அடித்தபோது, சமையலறையில் நின்றுகொண்டு, "நான் ஊர்ல இல்லன்னு சொல்லு" என்று சைகை காட்டியது யார்? காட்டுங்கள், பரவாயில்லை. எந்த ஊர் என்று மட்டும் சொல்லிவிடாதீர்கள். அரசாங்கம் நம்பிவிடும்.