எல்லாரையும் கேட்ட தீர்ப்பாயம்

நடுவே நான்குவழிச் சாலை போட்ட பிறகும் தன்னைக் காடு என்றே சொல்லிக்கொண்டிருந்த ஒரு காட்டில், அருணகிரி என்றோர் ஆமை இருந்தார். ஒரு நாள் குளத்துக்குப் போகச் சாலையில் இறங்கினார். காலையில் இறங்கியவர் மதியம் நடுக்கோட்டைத் தொட்டபோது, காட்டுப்பன்றி பன்னீர் ஓட்டிவந்த மினி லாரி அவருடைய பின்னங்கால் மேல் ஏறி, நிற்காமல் போய்விட்டது.

ஓடு தப்பியது. கால் தப்பவில்லை. கட்டுப் பிரித்த பிறகு குளத்தில் இறங்கிப் பார்த்தார். ஒரு பக்கமாகவே துடுப்புப் போட்டதில், அதே இடத்தில் வட்டமடித்தார். அன்றிலிருந்து இரண்டு பேருக்கும் பாசி தேடுவது மனைவி செண்பகத்தின் வேலையாயிற்று.

"மனுவாவது போடுங்க," என்றாள் செண்பகம்.

விபத்து இழப்பீட்டுத் தீர்ப்பாயத்தில் போட்டார். நடுவர் ஒரு யானையம்மா. பெரிய காது, நேர்மைக்குப் பேர்போனவர். லாரிக்குக் காப்பீடு கொடுத்த கம்பெனியின் வக்கீல் கீரி, மூன்று முறை கூப்பிட்டும் வரவில்லை. மனுவைப் படித்துப் பார்த்தே அருணகிரிக்கு இழப்பீடு கொடுக்க உத்தரவாயிற்று.

மறுவாரம் கீரி மூச்சிரைக்க ஓடிவந்தார்.

"அம்மா, எங்களுக்கு நோட்டீஸே வரலை. நத்தைகிட்ட குடுத்து அனுப்பியிருக்காங்க. அது இன்னும் வந்துக்கிட்டே இருக்கு. எங்க பக்கத்தைக் கேக்காம எப்படித் தீர்ப்பு?"

யானையம்மா ஆமையைப் பார்த்தார். "மறுபடி விசாரிக்கிறதுல உங்களுக்கு ஆட்சேபம் உண்டா?"

உண்டு என்று சொல்லியிருக்கலாம். ஆனால் நாலு பேர் முன்னால் நியாயவான் என்று பேர் வாங்கும் சபலம் அருணகிரிக்குக் கொஞ்சம் அதிகம். கழுத்தை முழுசாக நீட்டினார்.

"அவங்களையும் கேக்கறதுதானேம்மா நியாயம்!"

மன்றமே திரும்பிப் பார்த்தது. அந்தப் பெருமையில் வீடு வரைக்கும் கால் வலிக்கவில்லை. விஷயத்தைக் கேட்ட செண்பகம்தான் அன்று ராத்திரி தனக்கு மட்டும் பாசி கொண்டுவந்தாள்.

பழைய உத்தரவு ரத்தானது. கீரி வாதாடினார். "அவர் சாலையைக் கடக்கலைம்மா. ஒரே இடத்துல அரை நாள் இருந்தா அதுக்குப் பேர் பார்க்கிங்."

பிறகு பன்னீர், கல் என்று நினைத்துத்தான் ஏற்றியதாகச் சொல்ல ஒரு வாய்தா கேட்டார். லாரியின் சொந்தக்காரரான கரடி, தன்னைக் கேட்காமல் முடிக்கக் கூடாது என்றார். சாலை போட்ட காண்டிராக்டர் மலைப்பாம்பு, தன் மேல் பழி வருமோ என்று பயந்து தானாகவே வந்து நாலு வாய்தா பேசினார். ஒவ்வொரு முறையும் யானையம்மா அருணகிரியைக் கேட்டார். ஒவ்வொரு முறையும் அவர், "ஆட்சேபம் இல்லைம்மா," என்றார்.

இரண்டு வருஷம் ஓடிற்று. தன் முறை வரும்போது சொல்ல மூன்றே மூன்று வாக்கியம் தயார் செய்து, செண்பகத்திடம் ஒப்பித்துப் பார்த்து வைத்திருந்தார். கால் நசுங்கிய சத்தம் பற்றி ஒன்று. நிற்காத வண்டி பற்றி ஒன்று. குளத்தில் தன்னைப் பார்த்துத் தவளைக் குஞ்சுகள் சிரிப்பது பற்றி ஒன்று.

கடைசி நாள் யானையம்மா வாசித்தார். "இரு தரப்பும் கேட்டாயிற்று. மனு தள்ளுபடி."

அருணகிரி பதறினார். "அம்மா, நான் இன்னும் பேசவே இல்லையே!"

யானையம்மா பொறுமையாக வழக்குக் கட்டைப் புரட்டினார். "ஒரு வாய்தா விடாம வந்திருக்கீங்க. இவங்க எல்லாரும் பேசினதைக் கேட்டீங்களா இல்லையா?"

"கேட்டேன்."

"இழப்பீடு வேணும்னும் கேட்டீங்க?"

"கேட்டேன்."

"நாங்களும் கேட்டோம், நீங்களும் கேட்டீங்க. இதுல யாரைக் கேக்காம விட்டோம்?"

அருணகிரி யோசித்தார். எவ்வளவு யோசித்தும் அதில் ஓட்டை கண்டுபிடிக்க முடியவில்லை. சரிதானே என்றுகூட ஒரு நொடி தோன்றியது. அப்படித் தோன்றியதற்காகத் தன் மேலேயே ஆத்திரம் வந்தது.

வாசலில் கீரி கையைப் பிடித்துக் குலுக்கினார். "உங்களை மாதிரி மனுதாரர் கிடைக்க நாங்க குடுத்து வெச்சிருக்கணும் சார்."

"ரொம்ப நன்றிங்க," என்று வாய் தவறி வந்துவிட்டது. அருணகிரி தலையை ஓட்டுக்குள் இழுத்துக்கொண்டு, உள்ளே யாருக்கும் கேட்காமல் தன்னைத் தானே நன்றாகத் திட்டினார்.

நீதி: எதிர்த்தரப்பையும் கேட்பதே நியாயம் என்று மனதார நம்புகிறவர், பேசாமல் எதிர்த்தரப்பாகவே இருந்துவிடுவது நல்லது.