கலெக்டர் சொன்னால்தான் கோடாலி

திண்டிவனத்துக்கும் விழுப்புரத்துக்கும் நடுவில் மரம் வெட்டுகிறவர்கள் எத்தனையோ பேர். மரத்துக்குப் பயப்படாமல் காகிதத்துக்குப் பயந்தவன் எங்கள் பர்மிட்டு ஒருவன்தான். அவன் சொந்தப் பெயர் அவன் பெண்டாட்டிக்கே மறந்திருக்கும்.

ஒருமுறை பாஸ் இல்லாமல் தேக்கு ஏற்றிய லாரியில் தொற்றிக்கொண்டு போய் மாட்டிக்கொண்டான். பொழுது முழுக்க பாரஸ்ட் ஆபீசு வாசலில் உட்கார வைத்துவிட்டார்கள். அதிலிருந்து முருங்கைக் கிளை கழிக்கக்கூடப் பட்டா கேட்பான். ஒலக்கூரில் ஒருவர் வேப்பமரம் வெட்டக் கூப்பிட்டார். பட்டா, செத்துப்போன தாத்தா பேரில் இருந்தது. "அவராண்ட ஒரு கையெழுத்து வாங்கிக்கினு வாங்க, வெட்டறேன்" என்று சொல்லிவிட்டு வந்துவிட்டான். மகள் கல்யாணத்துக்கு வாழை வெட்டவும் வி.ஏ.ஓ.விடம் போய்க் கேட்டான். அவர் சிரித்ததையே அனுமதியாக எடுத்துக்கொண்டான்.

அவனிடம்தான் போன வருஷம் நான் மாட்டினேன். என் மகன் கக்கூஸ் தொட்டிக்குப் பள்ளம் எடுத்ததில், பக்கத்தில் நின்ற எங்கள் பனைமரத்தின் வேர் பாதி அறுந்துவிட்டது. மரம் வீட்டுப் பக்கம் சாய்ந்தது. நேர் கீழே நான் படுக்கிற இடம். ஐப்பசி மழை வேறு பிடித்துக்கொண்டது.

பர்மிட்டு வந்து மரத்தைச் சுற்றிப் பார்த்தான். கோடாலியைக் கீழே வைத்தான்.

"பனைக்கு கலெக்டர் பர்மிசன் வேணும் பெரிம்மா. சொந்த நெலமா இருந்தாலும் வேணும்."

"என் தலையில வுழறதுக்கு யாருப்பா பர்மிசன் குடுத்தது?"

"அது காத்து. அதும்மேல கேஸ் போட முடியாது. எம்மேல போடுவாங்க."

அவன் வம்சத்தையே திட்டினேன். வேறு ஆளைக் கூப்பிடுவேன் என்றேன். நிலம் என் பேரில் இருப்பதால் முதலில் என்னைத்தான் கேட்பார்கள் என்றான். அங்கேதான் அடங்கினேன்.

திங்கட்கிழமை விழுப்புரம் கலெக்டர் ஆபீசுக்குக் கூட்டிப்போய், வாசலில் மனு எழுதுகிறவரிடம் மனு எழுத வைத்தான். மரத்தின் உயரம், சாய்வு எல்லாம் சொன்னதோடு, நான் எந்தப் பக்கம் தலை வைத்துப் படுப்பேன் என்பதையும் எழுதச் சொன்னான். நான் கைநாட்டு வைக்கவில்லை. எழுத்துக் கூட்டியாவது கையெழுத்துதான் போட்டேன்.

திரும்பி வந்ததும் தன் தடித்த கயிற்றால் பனையை வளைத்து, எதிர்ப்பக்கப் புளியமரத்தில் இழுத்துக் கட்டினான். "காயிதம் வர்ற வரிக்கும் இது புடிச்சிக்கினு இருக்கும்" என்றான்.

வி.ஏ.ஓ. வந்து பார்த்தார். அவருக்கு மேலே இருப்பவரும் வந்து பார்த்தார். இருபது நாள் ஆயிற்று. பர்மிட்டு தினமும் காலையில் வந்து கயிற்று முடிச்சை இழுத்துப் பார்ப்பான். நானும் தினமும் திட்டுவேன்.

காகிதம் வந்தது. நான் எழுத்துக் கூட்டிப் படித்து முடிக்கும்வரை அவன் கோடாலியைத் தொடவில்லை. பிறகு ஓர் ஓடுகூட உடையாமல் பனையை மறுபக்கம் சாய்த்தான்.

கயிற்றைச் சுருட்ட அவன் பெண்டாட்டி வந்தாள்.

"நாளையிலேர்ந்துதான் இவருக்கு வேலை பெரிம்மா. இருந்த ஒரே கயிறு உங்க மரத்துலதான கெடந்துச்சு" என்றாள்.

அன்று மத்தியானம் அவனுக்கு இலை போட்டு உட்கார வைத்தேன். போதும் போதும் என்று கையால் மறித்தான். நான் போட்டுக்கொண்டே இருந்தேன்.