முதல் வருஷம் கால்மிதி

எட்டாவது மாடியில் வீடு வாங்கியே தீருவது என்று லிஃப்ட்காரர் சபதம் எடுத்ததற்கு ஒரே ஒரு காரணம்தான். ஏழாவது மாடியில் சகலை வாங்கிவிட்டார்.

சகலை என்றால் மனைவியின் தங்கை வீட்டுக்காரர். பல்செட் செய்வது தொழில். ஊரில் பாதிப் பேர் சிரிப்பது அவர் புண்ணியத்தில்தான். அதைப் பற்றி நம்மவருக்கு ஒரு வருத்தமும் கிடையாது. ஆனால் அந்த மனிதர் வீடு வாங்கினதுதான் வாங்கினார், நம்மவர் மாதம் தவறாமல் எண்ணெய் விட்டு, துடைத்து, பழுது பார்க்கிற லிஃப்ட் எந்தக் கட்டடத்தில் ஓடுகிறதோ அதிலேயே பார்த்து வாங்கினார். வயிறு பற்றிக்கொண்டு எரிந்தது அங்கேதான்.

வீடு பார்க்கக் கூப்பிட்ட அன்றைக்கு, "ஏழாம் நம்பரை அழுத்துங்க சகலை, தானா மேல போகும்" என்று லிஃப்ட்காரருக்கே லிஃப்ட் ஏறச் சொல்லிக்கொடுத்தார் அவர். அப்புறம் பால்கனிக்கு அழைத்துப் போனார்.

"இங்கேருந்து பார்த்தா உங்க வீடுகூடத் தெரியும் சகலை. அதோ, அந்தத் தண்ணித் தொட்டிக்குப் பின்னால."

"தெரியலையே."

"ஆமா, தெரியல. ரொம்பச் சின்னது இல்ல?"

அன்றைக்குப் பிடித்த எரிச்சல் ஒரு வருஷமாகியும் அணையவில்லை. மற்ற மாடிகளில் எல்லாம் லிஃப்ட் கதவு சட்டென்று திறக்கும். ஏழாவது மாடியில் மட்டும் நாலு விநாடி யோசித்துவிட்டுத் திறக்கும்படி நம்மவர் கொஞ்சம் கைவேலை செய்து வைத்தார். அதனால் யாருக்கும் ஆபத்து இல்லை. அவர் மனசுக்கு மட்டும் கொஞ்சம் குளிர்ச்சி.

நாலு விநாடிக் குளிர்ச்சி எத்தனை நாளைக்குக் காணும்? ஒரு ஞாயிற்றுக்கிழமை காலையில் வண்ணப் படம் போட்ட வீட்டு விளம்பரத்தையும், பேங்க்கிலிருந்து வாங்கிவந்த பதினாறு பக்கக் காகிதத்தையும் கையில் வைத்துக்கொண்டு மனைவி முன்னால் வந்து நின்றார். பேங்க்காரர்கள் மனைவியும் சேர்ந்து கையெழுத்துப் போட்டால்தான் கடன் என்று சொல்லிவிட்டார்கள். இல்லாவிட்டால் விஷயத்தை அவளிடம் சாவியோடுதான் சொல்லியிருப்பார்.

மனைவி ஒரு திரைச்சீலைக் கடையில் தையல் வேலை பார்க்கிறவள். ஊரார் ஜன்னலை எல்லாம் மூடுகிறவளே தவிர, தன் கண்ணை மூடிக்கொண்டு எதையும் செய்கிறவள் அல்ல.

"ஏம்மா, எட்டாவது மாடியில ஒரு வீடு காலியா இருக்கு."

"ஏழுக்கு மேலதானே எட்டு?"

"அதுக்காக இல்லம்மா. காத்து நல்லா வரும்."

"எட்டுல அடிக்கிற காத்து ஏழுல அடிக்காதா?"

"எட்டுல அடிச்சது போக மிச்சம்தான் ஏழுக்கு."

மனைவி கத்தரிக்கோலைக் கீழே வைத்தாள். அவள் கத்தரிக்கோலைக் கீழே வைத்தால் கேள்விகள் வரப்போகின்றன என்று அர்த்தம்.

"மாசத் தவணை எவ்வளவு?"

"இப்பக் குடுக்கிற வாடகையைவிட ஒண்ணே ஒண்ணுதான் கூட."

"ஒண்ணுன்னா?"

"ஒரு மடங்கு."

"எத்தனை மாசம் கட்டணும்?"

"முப்பது."

"முப்பது மாசமா?"

லிஃப்ட்காரருக்குத் திடீரென்று இருமல் வந்தது. இருமலுக்கு நடுவில் "வருஷம்" என்ற சொல்லும் வந்தது.

"உங்களுக்கு இப்ப முப்பத்தஞ்சு."

"அறுபத்தஞ்சுல சொந்த வீட்டுல காலை நீட்டிப் படுப்பேன்."

"அப்ப நீட்டின காலை யாராவது மடக்கி விடணும். காகிதத்தைக் குடுங்க, பார்க்கலாம்."

"எல்லாம் சரியாத்தான் இருக்கும்மா. கடைசிப் பக்கத்துல ஒரு கையெழுத்து, அவ்வளவுதான்."

"நீங்க படிச்சீங்களா?"

"பேங்க்ல என்ன தப்பாவா எழுதிடப் போறாங்க?"

பதினாறு பக்கத்தையும் அவள் படித்தாள். பக்கம் பக்கமாகப் போன தவணைப் பட்டியலையும் விடவில்லை, விரல் வைத்துப் படித்தாள். பிறகு துணியில் அளவு குறிக்கிற சாக்குக்கட்டியை எடுத்துக்கொண்டு தரையில் உட்கார்ந்து, விளம்பரத்தைப் பார்த்து எட்டாவது மாடி வீட்டை அப்படியே கோடு போட்டாள். கூடம், சமையலறை, இரண்டு படுக்கையறை, குளியலறை. தேர்ந்த கை. ஒரு கோடு கோணவில்லை.

"வாங்க, உங்க வீட்டுக்குள்ள வாங்க."

லிஃப்ட்காரர் செருப்பைக் கழற்றிவிட்டுக் கோட்டுக்குள் வந்தார். அவருக்கு அதிலேயே ஒரு பெருமிதம்.

"முன்பணம் குடுக்கறதுக்கு வெளி வராந்தான்னு வெச்சுக்குங்க. மிச்சம் எல்லாம் கடன். ஒரு வருஷம் ஒழுங்காத் தவணை கட்டினா, வீட்டுல உங்களுக்குச் சொந்தமாகிறது இவ்வளவு." வாசலை ஒட்டி ஒரு சின்னக் கட்டம் போட்டாள்.

"இது என்ன?"

"கால்மிதி."

அவர் அதில் ஏறி நின்று பார்த்தார். ஒரு கால் வெளியே நின்றது.

"அது பேங்க் இடம். காலை எடுங்க."

"அதெப்படிம்மா? ஒரு வருஷம் கட்டினதெல்லாம் எங்க போகும்?"

"வட்டிக்கு. ஆரம்பத்துல நூறு கட்டினா தொண்ணூத்தஞ்சு வட்டிக்குப் போகுது. அஞ்சுதான் அசலுக்கு. அஞ்சு வருஷம் கட்டினா குளியலறை நம்மளது. அதுவரைக்கும் நீங்க குளிக்கறது பேங்க் குளியலறையில. பத்து வருஷத்துல அடுப்பு மேடை வரும். இருபத்தி மூணரை வருஷம் ஆனாத்தான் பாதி வீடு."

"படுக்கையறை?"

"அறுபது தாண்டினப்புறம்."

லிஃப்ட்காரர் கால்மிதியில் ஒற்றைக் காலில் நின்றபடி யோசித்தார்.

"மொத்தமாக் கூட்டினா மூணு வீட்டு விலை" என்றாள் மனைவி. "ஒண்ணு நமக்கு, ரெண்டு பேங்குக்கு. துணி நனைஞ்சாச் சுருங்கும். கடன் நாளாக நாளாக நீளும்."

வேறு யாராக இருந்தாலும் அந்த இடத்தில் கோட்டைத் தாண்டி வெளியே வந்திருப்பார்கள். நம்மவருக்கு அப்போது பார்த்து அந்தப் பால்கனி ஞாபகம் வந்தது.

"சகலையும் இப்படித்தானே வாங்கினான்?"

"ஆமா."

"அவன் கால்மிதியில நிக்கலாம், நான் நிக்கக் கூடாதா?"

மனைவி சாக்குக்கட்டியைக் கீழே வைத்தாள். போன வருஷம் அவள் ஒரு மோட்டார் தையல் மெஷின் வாங்கலாமா என்று கேட்டிருந்தாள். சொந்தமாகத் திரை தைத்துக் கொடுத்தால் இரண்டு காசு கூட வரும் என்று ஆசை. "இப்ப எதுக்குத் தண்டச் செலவு?" என்று ஒரே வார்த்தையில் முடித்துவிட்டார் இவர். அதை இப்போது அவள் நினைத்தாளோ என்னவோ, முகத்தில் ஒன்றும் தெரியவில்லை.

"சரிங்க. கையெழுத்துப் போடறேன். ஆனா ஒரு வருஷம் முதல்ல என்கிட்ட கட்டிக் காட்டுங்க. வாடகைக்கு மேல தவணை எவ்வளவு வருமோ, அதை மாசாமாசம் என் கையில குடுங்க. பேங்க் சட்டம் எதுவோ அதுதான் என் சட்டமும்."

"இவ்வளவுதானா? பூ!"

அவருக்கு உள்ளுக்குள் ஒரே குஷி. பணம் எங்கே போகப்போகிறது? வீட்டுக்குள்ளேதானே இருக்கும். மறுநாள் மனைவி ஒரு ஒப்பந்தம் எழுதி வந்தாள். பேங்க் காகிதத்தையே பார்த்து எழுதினது. 'வங்கி' என்று வந்த இடமெல்லாம் 'மனைவி'.

"படிச்சுட்டுப் போடுங்க."

"கட்டின பொண்டாட்டி எழுதினதையா படிக்கணும்?" என்று கடைசிப் பக்கத்தில் போட்டார் கையெழுத்து.

முதல் மாசம் ஜோராகக் கட்டினார். இரண்டாவது மாசம் டீயை விட்டார். நாளைக்கு இரண்டு டீ, கட்டடத்துக்கு எதிர்க் கடையில், பதினோரு வருஷப் பழக்கம். மூன்றாவது மாசம் பஸ்ஸை விட்டு நடந்தார். அந்த மாசம் சம்பளம் இரண்டு நாள் தள்ளிப் போக, மனைவி அபராதம் கேட்டாள்.

"கம்பெனியில இன்னும் போடலம்மா."

"பேங்க்ல போய் இப்படிச் சொல்லுவீங்களா?"

ஐந்தாவது மாசம் தவணை ஏறியிருந்தது.

"இது எப்படி ஏறிச்சு?"

"மாறும் வட்டி. ஏழாம் பக்கம் பாருங்க."

"யாரு மாத்தறது?"

"கடன் குடுத்தவங்க. போன வாரம் சாப்பாட்டுல உப்பு இல்லைன்னு சொன்னீங்களே, அன்னிக்கு ஏறிச்சு."

ஞாயிற்றுக்கிழமைகளிலும் வேலைக்குப் போனார். செருப்புக்கு மூன்றாவது தடவை அடிப்பாகம் மாற்றினார். இவ்வளவு கஷ்டத்திலும் சகலை புதுச் சட்டை போட்டுக்கொண்டு லிஃப்டில் ஏறுவதைப் பார்த்தால் போதும், மறுபடி வீராப்பு வந்துவிடும். 'இருடா, உன் தலைக்கு மேல நடக்கறேன்' என்று மனசுக்குள் கறுவிக்கொண்டு கட்டினார்.

ஒன்பதாவது மாசம், ஒரு புதன்கிழமை மதியம், ஏழாவது மாடிக் கதவு யோசிப்பதை அடியோடு நிறுத்திக்கொண்டது. ஒரு சாண் திறந்து அப்படியே நின்றுவிட்டது. உள்ளே ஆள். நம்மவர் கருவிப் பையைத் தூக்கிக்கொண்டு படியேறி ஓடினார். இடுக்கில் தெரிந்தது சகலையின் மூக்கு.

"சகலை, நீங்களா? நல்லதாப் போச்சு. கதவைத் திறக்காதீங்க" என்றது மூக்கு.

"ஏன்?"

"ஒரு மணி நேரம் இங்கேயே இருக்கேன். இங்க இருந்தா யாரும் தவணை கேக்க மாட்டாங்க."

லிஃப்ட்காரர் கையில் பிடித்த திருப்புளி அப்படியே நின்றது. அவர் காதை இடுக்கில் வைத்தார்.

"என்ன சகலை சொல்றீங்க? புதுச் சட்டை எல்லாம் போட்டுக்கிட்டு..."

"ஒரே சட்டைதான் சகலை. தினமும் துவைக்கிறேன். ரெண்டு வருஷம் ஆகப் போகுது, பல்லைக் கடிச்சுக்கிட்டுக் கட்டறேன். போன வாரம் பேங்க்ல போய்க் கேட்டேன். அசல்ல நூத்துக்கு ஒண்ணு குறைஞ்சிருக்காம். ஒண்ணு! இப்படியே கடிச்சா என் பல்லுக்கே நான் செட் செய்யணும்."

"அடப்பாவமே."

"உங்களைப் பார்த்தா எனக்கு எவ்வளவு பொறாமை தெரியுமா? குழாய் ஒழுகினா வீட்டுக்காரனைக் கூப்பிடறீங்க. நான் யாரைக் கூப்பிடுவேன்? சாயங்காலம் பால்கனியில நின்னு உங்க வீட்டுப் பக்கமே பார்த்துக்கிட்டிருப்பேன்."

"அதுதான் தெரியாதே!"

"தெரியாதுதான். தண்ணித் தொட்டியைப் பார்த்து ஆறுதல் பட்டுக்குவேன்."

ஒன்றே முக்கால் வருஷமாக எரிந்த வயிற்றில் அன்றைக்குத்தான் பால் வார்த்தது போல இருந்தது. தன்னைப் பார்த்துக்கூடப் பொறாமைப்பட உலகத்தில் ஒரு ஜீவன் இருக்கிறது! லிஃப்ட்காரர் கதவைத் திறந்து சகலையைக் கட்டிக்கொண்டார். அந்த நாலு விநாடியையும் எடுத்துவிட்டார். ஏழாவது மாடிக் கதவு மற்ற கதவுகளைப் போல ஒழுங்காகத் திறந்தது.

டீக்கடையைத் தாண்டும்போது வாசனை இழுத்தது. முதலில் பணம், அப்புறம் டீ என்று நேரே வீட்டுக்கு வந்தார். கூடத்தில் எதுவோ துணி போட்டு மூடி வைத்திருந்தது. அதைக் கவனிக்கிற நிலையில் அவர் இல்லை.

"ஏம்மா, எட்டாவது மாடி வேண்டாம். எனக்குப் புத்தி வந்துடுச்சு."

"எத்தனை வட்டிக்கு?"

"விளையாடாதே. ஒம்பது மாசம் கட்டினதை எடு. அம்புட்டையும் எடு."

மனைவி ஒப்பந்தத்தை எடுத்துவந்தாள். "கடனை நடுவுல முடிக்கிறீங்க. பதினொண்ணாம் பக்கம். கட்டினதுல நூத்துக்கு அஞ்சு அசல். அது உங்களுது. அதுல தாமத அபராதம் ஒண்ணு, முன்கூட்டியே முடிக்கிற அபராதம் ஒண்ணு, காகிதச் செலவு ஒண்ணு கழியுது. நியாயப்படி நீங்கதான் எனக்கு மேல தரணும். தவணை கட்டின புருஷனாச்சேன்னு தள்ளுபடி பண்ணியிருக்கேன். இந்தாங்க."

உள்ளங்கையில் ஒரு நாணயம் விழுந்தது.

"மிச்சம்? அந்தத் தொண்ணூத்தஞ்சு?"

அவள் கூடத்துத் துணியை இழுத்தாள். பளபளவென்று ஒரு மோட்டார் தையல் மெஷின்.

"ஐயையோ, கடன்லயா வாங்கினே?"

"சேச்சே, ரொக்கம். கடன்ல வாங்கினா மூணு மெஷின் விலை ஆகுமே! முதல் ஆர்டரும் வந்தாச்சு. எட்டாவது மாடி வித்துப் போச்சாம், பதினொரு ஜன்னலுக்குத் திரை வேணுமாம். நீங்கதான் லிஃப்ட்ல ஏத்திக் குடுக்கணும்."

"அது என் பணம்மா!"

"உங்க பணமா? அது வட்டிங்க. வட்டியை எந்த பேங்காவது திருப்பிக் குடுத்திருக்கா?"

லிஃப்ட்காரர் உள்ளங்கையை விரித்தார். நாணயத்தைப் பார்த்தார். ஒரு டீக்குச் சரியாக இருக்கும். அதுவாவது மிஞ்சட்டும் என்று அந்தப் பழைய டீக்கடைக்கு நடந்தார்.

டீக்காரர் நாணயத்தைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார். "ஒம்பது மாசமா ஆளையே காணோம். விலை ஏறிடுச்சே அண்ணே. பரவாயில்ல, மிச்சத்தைக் கடனா வெச்சுக்கலாம்."

லிஃப்ட்காரர் அரை டீ குடித்துவிட்டு வந்தார்.