பெண் பார்க்கும் நடையும் வாழ்நாள் வரியும்

எங்கள் பக்கத்தில் அரசு அலுவலகத்துக்கு யாரும் தனியாகப் போவதில்லை. கூட ஒருவர் வேண்டும். அவருக்கு அங்கே யாரையாவது தெரிந்திருக்க வேண்டும் என்ற கட்டாயம் இல்லை. வெள்ளை வேட்டி, வெள்ளைச் சட்டையில் இருந்தால் போதும். கையெழுத்தை நாம் போடுவோம், பேச்சை அவர் பேசுவார். வங்கிக் கடன், பட்டா மாறுதல், பள்ளிச் சேர்க்கை எல்லாம் இப்படித்தான் நடக்கின்றன. (நடக்காமல் போவதும் இப்படித்தான்.)

அந்த வழக்கப்படி, என் காருக்கு வரி விலக்குக் கேட்டு வட்டாரப் போக்குவரத்து அலுவலகத்துக்குப் போன அன்று வேலுச்சாமி மாமாவைக் கூட்டிக்கொண்டு போனேன். அம்மாவின் அண்ணன். சென்னிமலைக்குப் பக்கத்தில் தோட்டம். எங்கள் உறவில் நடந்த கல்யாணங்களில் பாதியைப் பேசி முடித்தவர். என் கல்யாணமும் அதில் சேர்த்தி. பேசுவதில் இவ்வளவு அனுபவம் உள்ளவர் கூட வருவது நல்லதுதானே என்று அன்று காலை நினைத்தேன்.

சிறு வயதில் வந்த போலியோவில் என் இடது கால் மெலிந்துவிட்டது. முட்டியில் பலம் கிடையாது. கிளட்சை அந்தக் காலால் மிதிக்க முடியாது. கோவையில் நாங்கள் குடியிருந்த கணபதிப் பகுதியில் ஒரு பட்டறையில், கியர் கம்பியில் பிடி ஒன்றைப் பொருத்தி, கிளட்சைக் கையால் இயக்கும்படி மாற்றித் தந்தார்கள். இப்படி மாற்றிய வண்டியை மாற்றுத்திறனாளி தன் உபயோகத்துக்கு ஓட்டினால் அதற்கு வாழ்நாள் சாலை வரி கிடையாது. மருத்துவச் சான்றிதழ் இருந்தது, ஓட்டுநர் உரிமம் இருந்தது. வாகன ஆய்வாளர் வண்டியையும் என்னையும் நேரில் பார்க்க வேண்டும். அது ஒன்றுதான் பாக்கி.

கார் ஆசைக்கு வாங்கியதல்ல. என் மனைவி சுமதிக்கு வால்பாறையில் அரசுப் பள்ளியில் ஆசிரியை வேலை. எனக்குக் கோவையில் ஒரு நாளிதழில் உதவி ஆசிரியர் வேலை. மற்றவர்கள் எழுதிய செய்தியில் மிகையாக இருப்பதை அடித்துத் தள்ளுவதற்குச் சம்பளம். வாரக் கடைசியில் பஸ் ஏறி அவளைப் பார்க்கப் போவேன். மலைப்பாதைக் கொண்டை ஊசி வளைவுகளில் எப்படி நின்றுகொண்டு வருகிறீர்கள் என்று கேட்பாள். அதெல்லாம் சுலபம் என்பேன். காருக்குக் கடன் வாங்கி, முன்பணம் கட்டி, கிளட்சையும் மாற்றிய பிறகு வரிக்கென்று எங்களிடம் ஒன்றும் மிஞ்சவில்லை. விலக்குக் கிடைத்தால் வால்பாறைக்குக் கார். கிடைக்காவிட்டால் வண்டியை வந்த விலைக்குத் தள்ளிவிட்டு மறுபடியும் பஸ்.

காலாண்டு விடுமுறை என்பதால் சுமதியும் மலையிறங்கி வந்திருந்தாள். மைதானத்தின் ஓரத்தில் வேப்பமரத்தடியில் காரை நிறுத்தினோம். பக்கத்திலேயே இரு சக்கர வாகனத் தேர்வு நடந்துகொண்டிருந்தது. தரையில் போட்டிருந்த எட்டைச் சுற்றி ஒவ்வொருவராக ஓட்டிக் காட்டினார்கள். காலைக் கீழே ஊன்றினால் தேர்ச்சி இல்லை. முறைக்குக் காத்திருந்தவர்கள் வேடிக்கை பார்த்தபடி நின்றார்கள்.

ஆய்வாளர் அமைதியான மனிதர். காரின் கதவைத் திறந்து, கைப்பிடியை இழுத்துப் பார்த்து, திருப்தியாகத் தலையாட்டினார். பிறகு கோப்பைப் புரட்டிக்கொண்டே பொதுவாகக் கேட்டார்.

"காலு ரொம்பச் சிரமமுங்களா?"

நான் வாயைத் திறப்பதற்குள் மாமா ஓரடி முன்னால் வந்துவிட்டார். இப்போது யோசித்தால் அவரைக் குறை சொல்லத் தோன்றவில்லை. இதே கேள்வியை இதே குரலில் எத்தனையோ பெண் வீட்டுக் கூடங்களில் அவரிடம் கேட்டிருக்கிறார்கள். (எனக்குப் பெண் அமைய நாளானது.) அதற்கான பதில் அவர் வாயில் தயாராக இருந்தது.

"சிரமமா? அட, அதெல்லாம் ஒண்ணுமே இல்லீங்க. லேசா. உத்துப் பாத்தாத்தான் தெரியும். சென்னிமலைப் படி முழுக்க நடந்தே ஏறுனவருங்க எங்க மாப்ள."

சென்னிமலைக் கோயிலுக்கு நான் வேனில் போனேன். கல்யாணப் பேச்சின்போது மாமா வேனை எடுத்துவிட்டுப் படியைப் போட்டிருந்தார்.

ஆய்வாளர் நிமிர்ந்து பார்த்தார். "அப்புறம் கிளட்சை எதுக்குங்க மாத்துனீங்க?"

"அது சும்மா ஒரு வசதிக்குங்க. மாத்தாட்டியும் ஓட்டுவாரு. எங்க தோட்டத்துல டிராக்டரே ஓட்டுனவருங்க."

"மாமா," என்று அவர் சட்டையைப் பிடித்து இழுத்தேன்.

"நீ சும்மா இரு மாப்ள. நான் பேசிக்கறேன்." சொல்லிவிட்டு, ஆய்வாளர் நம்பவில்லையோ என்ற சந்தேகத்தில் போனை எடுத்து ஒரு படத்தைக் காட்டினார்.

அந்தப் படத்தை விவரித்துவிடுகிறேன். மஞ்சள் விளையும் வயலின் ஓரம். சிவப்பு டிராக்டர். ஓட்டுநர் இருக்கையில் கூலிங் கிளாஸோடு நான். என் இடது கால் தெரிய வேண்டிய இடத்தை வேறொருவர் பிடித்திருந்த வெள்ளாட்டுக் குட்டி மறைத்திருந்தது. எஞ்சின் அணைந்திருந்தது. இரண்டு பேர் என்னைத் தூக்கி மேலே வைத்து, படம் எடுத்ததும் தூக்கி இறக்கினார்கள். ஜாதகத்தோடு சேர்ந்து பல ஊர்களுக்குப் போய்வந்த படம் அது.

ஆய்வாளர் படத்தை இரண்டு விரலால் பெரிதாக்கிப் பார்த்தார். "டிராக்டருக்கும் கிளட்சு இடது கால்லதானுங்களே?"

"ஆமாங்க!" என்றார் மாமா. விஷயம் தெரிந்த மனிதர் ஒருவர் கிடைத்த மகிழ்ச்சி அவர் முகத்தில் இருந்தது.

"சார், கொஞ்சம் நடந்து காட்டுங்க," என்றார் ஆய்வாளர் என்னிடம்.

நான் பிழைத்திருக்க வேண்டிய இடம் இதுதான். உள்ளபடி நடந்திருந்தால் மாமா சொன்னதெல்லாம் அடிபட்டுப் போயிருக்கும். ஆனால் மரத்தடியில் அத்தனை பேர் பார்த்துக்கொண்டிருந்தார்கள். என் இடது கை தானாகப் பேண்ட் பாக்கெட்டுக்குள் போனது.

அது நான் கல்லூரியில் கண்டுபிடித்த நடை. பாக்கெட்டுக்குள் இருக்கும் கை தொடையை அழுத்திக்கொண்டால் முட்டி மடங்காது. பார்ப்பவர்களுக்கு ஆள் ஸ்டைலாக நடக்கிற மாதிரி இருக்கும். (என் பேண்ட்டுகளில் முதலில் கிழிவது எப்போதும் இடது பாக்கெட்.) பெண் பார்க்கப் போன நாட்களில் அந்த நடை நன்றாக மெருகேறியது. வாசலில் காரைவிட்டு இறங்கி, கூடத்தில் போட்டிருக்கும் நாற்காலி வரை தாங்கும். அதற்கு மேல் தாங்காது. மேலே நடக்க வேண்டிய தேவையும் வந்ததில்லை.

மரத்தடியிலிருந்து காரைச் சுற்றி வந்து மறுபடியும் மரத்தடியில் நின்றேன். என் வாழ்க்கையிலேயே அவ்வளவு நன்றாக நடந்ததில்லை.

"பாத்தீங்களா?" என்று மாமா பக்கத்தில் நின்றவரிடம் கேட்டார்.

ஆய்வாளர் கோப்பை மூடினார். "வண்டி மாத்துனதெல்லாம் சரியாத்தான் இருக்குதுங்க. ஆனா இது உங்களுக்கு அவசியம்னு நான் எப்படிங்க எழுதறது? இத்தனை நல்லா இருக்கறவரு வரியைக் கட்டிப்போடலாமுங்களே."

குரலில் துளியும் கடுமை இல்லை. எங்கள் ஊரில் ஒன்றை மறுக்கும்போதும் 'ங்க' குறையாது.

மாமாவுக்கு இது உறைக்கச் சற்று நேரம் ஆனது. "வரியா? வரி எதுக்குங்க? அதுதான் மாப்ளைக்குக் காலு சரியில்லீங்களே!"

"இப்பத்தானுங்க ஒண்ணுமே இல்லைன்னீங்க?"

"அது கேக்கறவங்களுக்குச் சொல்றதுங்க."

"நானும் கேக்கறவன்தானுங்களே."

மாமா என்னைப் பார்த்தார். நான் தரையைப் பார்த்தேன். ஒரு வாக்கியம் போதும். 'என்னால் முடியாது' என்று நான் சொன்னால் முடிந்தது. அச்சுக்குப் போகும் பக்கத்தில் தினமும் எத்தனையோ வாக்கியங்களைச் சரிசெய்கிறவனுக்கு அந்த ஒன்று வாயில் வரவில்லை.

காரின் பின்பக்கம் நின்றிருந்த சுமதி முன்னால் வந்தாள்.

"சார், நான் இவரு சம்சாரமுங்க. நான் சொல்லலாமுங்களா?"

வருகைப் பதிவேடு வாசிக்கிற குரலில் சொன்னாள்.

"இவரால செவுத்தைப் புடிக்காம ஊட்டுக்குள்ளயே நடக்க முடியாதுங்க. பஸ்ஸுல கண்டக்டர்தான் கையைப் புடிச்சு மேல தூக்கி விடறாரு. எங்கிட்ட வந்து தாவி ஏறுனேன்னு சொல்லுவாருங்க. வால்பாறையில எங்க ஊட்டுக்கு மேட்டுல படி ஏறோணும். மழை பேஞ்சா ஒவ்வொரு படியா உக்காந்து உக்காந்துதான் வருவாரு. நான் பாக்கலைன்னு நெனச்சுக்கறாரு. சன்னல்ல நின்னு பாத்துட்டு, அவரு கதவைத் தட்டுனதும் இப்பத்தான் எந்திரிச்சு வர்ற மாதிரி வருவேனுங்க."

சொல்லிவிட்டு என் பக்கம் திரும்பாமலே சேர்த்துக்கொண்டாள். "அந்தக் கையைப் பாக்கெட்டுல இருந்து வெளிய எடுக்கச் சொல்லுங்க சார்."

சன்னலைப் பற்றி எனக்கு அதுவரை தெரியாது.

"கையை எடுத்துட்டு ஒருக்கா நடங்க சார்," என்றார் ஆய்வாளர்.

கையை எடுத்தேன். முதல் அடி வைத்தேன். இரண்டாவது அடி இடது கால். முட்டி மடங்கியது. நான் சாய்ந்த திசையில் பிடித்துக்கொள்ள எதுவும் இல்லை. தேர்வு மைதானத்தின் எட்டுதான் இருந்தது. அதற்குள் போய் விழுந்தேன்.

அந்த நேரத்தில் ஒரு பெண் ஸ்கூட்டரில் எட்டின் கடைசி வளைவை அழகாக முடித்துக்கொண்டிருந்தார். முன்னால் ஒரு மனிதன் வந்து விழுந்ததும் பிரேக்கைப் பிடித்துக் காலை ஊன்றிவிட்டார்.

"ஐயோ, சார்! இவரு உளுந்ததாலதானுங்க சார் கால வெச்சேன்! என்னை ஃபெயில் போட்டுராதீங்க சார்!"

மாமா ஓடிவந்து என்னைத் தூக்கினார். தூக்கிக்கொண்டே, அந்த நிலையிலும், கூட்டத்தைப் பார்த்துச் சொன்னார்: "ஒண்ணுமில்லீங்க, ஒண்ணுமில்லீங்க. கல்லு தடுக்கிப்போட்டுது."

மைதானத்தில் கல் எதுவும் இல்லை.

"ஐயா," என்றார் ஆய்வாளர், "நீங்க கொஞ்சம் அந்த மரத்தடியில போய் உக்காருங்க. இல்லீன்னா நீங்களே உங்க மாப்ளையை வரி கட்ட வெச்சுருவீங்க."

அவர் கோப்பைத் திறந்து, காரின் பானெட்டில் வைத்து எழுதிக் கையெழுத்துப் போட்டார். அந்தப் பெண்ணுக்கு இன்னொரு வாய்ப்பும் கொடுத்தார். காலை ஊன்றியதற்காக ஒருவர் தோற்கவிருந்த இடத்தில், காலை ஊன்ற முடியாததற்காக நான் தேர்ச்சி பெற்றேன். முழங்கையில் சிராய்ப்பு. மரத்தடியில் இரண்டு பேர் கைதட்டினார்கள். எனக்கா அந்தப் பெண்ணுக்கா என்று விசாரிக்கவில்லை.

திரும்பும்போது நான் ஓட்டினேன். மாமா பின் இருக்கையில் வாய் திறக்காமல் வந்தார். அவர் பேசாமல் வந்ததை நான் பார்த்தது அதுவே முதல் தடவை. காந்திபுரம் தாண்டிய பிறகு மெல்ல ஆரம்பித்தார்.

"ஏன் கண்ணு, கல்யாணத்துக்கு முன்னாடி உனக்கு இதெல்லாம் தெரியாதல்லோ? நாந்தான் உன்னை ஏமாத்திப்போட்டனா?"

சுமதிக்கு அவர் பெரியப்பா முறை. "இல்லீங்க பெரியப்பா. தெரிஞ்சுதான் கட்டிக்கிட்டேன்."

"ஆரு சொன்னது?"

"நீங்கதான். எங்க ஊட்டுக்கு வந்து உக்காந்ததுமே மாப்ளைக்குக் காலுல ஒண்ணுமே இல்லைன்னு சொன்னீங்க. காப்பி குடிக்கறப்ப ஒருக்கா சொன்னீங்க. செருப்புப் போடறப்ப ஒருக்கா சொன்னீங்க. நாங்க ஆருமே கேக்கலீங்களே."

சிக்னலில் வண்டி நின்றது. கண்ணாடியில் மாமா ஜன்னல் பக்கம் முகத்தைத் திருப்பிக்கொண்டது தெரிந்தது. தோள் குலுங்கியது. அழுகிறாரோ என்று பயந்தேன். சிரித்துக்கொண்டிருந்தார்.

விலக்கு ஆணை வந்தது. அந்த வாரமே காரில் வால்பாறை ஏறினேன். வீட்டுப் படிகளில் மழை ஈரம் இருந்தது. மேலே சன்னலைப் பார்த்துக் குரல் கொடுத்தேன். சுமதி இறங்கி வந்து தோளைக் கொடுத்தாள். அவ்வளவுதான் விஷயம், இத்தனை நாள் அதைச் செய்யவில்லை.

மாமா மாறிப்போனார். அதன்பின் எந்தக் கல்யாணப் பேச்சிலும் குறையைத்தான் முதலில் சொல்கிறார். போன வருடம் என் அக்கா மகளைப் பார்க்க மாப்பிள்ளை வீட்டார் வந்தபோது, அவர்கள் உட்கார்ந்து தண்ணீர் குடித்து முடிப்பதற்குள் ஆரம்பித்துவிட்டார்.

"பொண்ணு வெடியக்காலைல எந்திரிக்காதுங்க. கோவம் வந்தா ரெண்டு நாளைக்குப் பேசாது. ரசம் மட்டுந்தான் வெக்கத் தெரியும், அதுவும் ஒரு நாளைக்கு ஒரு மாதிரி இருக்கும். முன்னாலயே சொல்லிப்போடறேனுங்க."

அக்கா சமையலறையில் தலையில் கை வைத்து உட்கார்ந்துவிட்டாள். கூடத்தில் மாப்பிள்ளையின் அப்பா தன் மனைவியைப் பார்த்தார். அந்த அம்மாள் சொல்ல வேண்டாம் என்பதுபோலக் கண்ணைக் காட்டினார். அதற்கு அவர் கட்டுப்படவில்லை.

"எங்க பையன் கண்ணாடி இல்லாம பக்கத்துல நிக்கற ஆளையே தெரியாம நிப்பானுங்க," என்றார். "போட்டோவுலதான் கழட்டச் சொல்லிட்டோம். இப்பவும் கழட்டி அவங்கம்மா பையிலதான் இருக்குது."

பையன் அம்மாவின் பையிலிருந்து கண்ணாடியை எடுத்து மாட்டிக்கொண்டான். அப்புறம்தான் பெண்ணைப் பார்த்தான்.

கல்யாணம் ஜாம் ஜாமென்று நடந்தது. எங்கள் உறவில் இப்போது பெண் பார்க்கும் நாளுக்கு 'இன்ஸ்பெக்சன்' என்று பெயர். தேதி முடிவானதும் மாமாவுக்குப் போன் போகிறது. அவர் ஒரே ஒரு கேள்வி கேட்கிறார்.

"குறை என்னன்னு சொல்லு. நெறையை அவிய பாத்துக்குவாங்க."