அண்ணன் அழுத்தாத பொத்தான்

தஞ்சாவூர் ஜில்லாவிலேயே கல்யாண மேடையில் ஏறி, சுவர்க் கடிகாரத்தைப் பரிசாகக் கொடுத்துவிட்டு, "நேத்து ஆடின ஆட்டம் மேல போயிடுச்சா, கீழயே நிக்குதா?" என்று மாப்பிள்ளையைக் கேட்ட ஒரே மனிதர் எங்கள் மேலயாகீழயா அண்ணன்தான்.

மாப்பிள்ளை வெளுத்துப்போனார். "கீழதாண்ணே நிக்குது. அவசரத்துல அப்படியே மூடிட்டு வந்துட்டேன்."

"போச்சு போ. உன் தம்பி வீட்ல தொறந்தான்னா பழசு வந்து எல்லாத்தையும் அடிச்சிட்டுப் போயிடும். போன் போடு அவனுக்கு."

மாலையும் கழுத்துமாக மாப்பிள்ளை போன் போட்டு, "நான் வர்ற வரைக்கும் அதத் தொடாதடா" என்று கத்தினார். அது ஏதோ நகை விவகாரம் என்று பெண்ணின் அம்மா நினைத்துக்கொண்டு அழ ஆரம்பிக்க, மேடைக்குப் பக்கத்தில் அரைமணி நேரம் பஞ்சாயத்து. அண்ணன் அதற்குள் பந்தியில் இரண்டாவது தடவை பாயசம் கேட்டுக்கொண்டிருந்தார்.

பாபநாசத்தில் பேருந்து நிலையத்துக்குப் பின்னால் கம்ப்யூட்டர் பழுதுபார்க்கும் கடை வைத்திருந்தார். முன்பக்கம் நாலு கம்ப்யூட்டர், அதில் ஆட்டம் ஆடலாம். பலகையில் அவருடைய சொந்தப் பெயர்தான் இருந்தது. ஆனால் கொரியர் கொண்டுவருகிறவர்கூட "மேலயாகீழயா, கையெழுத்துப் போடுங்க" என்றுதான் கூப்பிடுவார். அடுத்த கடை என்னுடைய ஜெராக்ஸ் கடை.

தெரியாதவர்களுக்காகச் சொல்லிவிடுகிறேன். நாம் ஆட்டத்தை எங்கே நிறுத்தினோம் என்பது நம் கம்ப்யூட்டரில் பதிவாகும். அதன் நகல் ஒன்று நெட் வழியாக ஆட்டக் கம்பெனியின் இடத்துக்கும் போகும். அதைத்தான் க்ளவுட் என்கிறார்கள். அது இருந்தால் எந்த ஊரில் எந்தக் கம்ப்யூட்டரில் உட்கார்ந்தாலும் விட்ட இடத்திலிருந்து ஆடலாம். இரண்டு பதிவும் ஒத்துப்போகவில்லை என்றால் திரையில் ஒரு கட்டம் வந்து, எது வேண்டும் என்று கேட்கும். ஒன்றை வைத்துக்கொண்டால் மற்றது போய்விடும். அண்ணன் பாஷையில் க்ளவுட் என்றால் 'மேல'. நம் முன்னால் இருக்கும் கம்ப்யூட்டர் 'கீழ'. கடைக்குள் யார் நுழைந்தாலும் முதல் கேள்வி, "பிரச்சன மேலயா, கீழயா?" மிக்ஸி பழுதென்று தவறி உள்ளே வந்த அம்மாவிடமும் அதையேதான் கேட்டார். "அடியிலதாங்க புகையுது" என்றது அந்தம்மா.

ஒரே ஆட்டத்தைக் கடையிலும் வீட்டிலும் ஒரே நேரத்தில் திறந்து வைப்பவர்களைக் கண்டால் அவருக்கு ஆகாது. "முற வெச்சு தண்ணி பாய்ச்சத் தெரியாதாய்யா உனக்கு? ஆத்துல இருந்து வாய்க்கா, வாய்க்காலுக்கு முற. இன்னிக்கு இவன் மதகு, நாளைக்கு அவன் மதகு. நீ ரெண்டையும் தொறந்து வெச்சுட்டு, தண்ணி வரலன்னு என்கிட்ட வந்து நிக்கிற!" ஆடி முடித்ததும் எழுந்து போகவும் முடியாது. பதிவு மேலே போய்ச் சேர்ந்ததற்கு அடையாளமாகப் பச்சை டிக் வரும்வரை நாற்காலியில் உட்கார்ந்திருக்க வேண்டும். மின்சாரம் போனாலும் நெட் பெட்டி மட்டும் சாகாமல் இருக்க அதற்குத் தனி பேட்டரி. கடையில் மின்விசிறி நின்றுவிடும், மனிதர்கள் வெந்துபோவார்கள், பெட்டி மட்டும் கண் சிமிட்டும்.

ஒரு சமயம் ஊருக்கே மருத்துவரானார். பழைய கம்ப்யூட்டருக்குள் காசு அளவில் ஒரு பேட்டரி இருக்கும். அது தீர்ந்தால் கடிகாரம் பல வருஷம் பின்னால் போய்விடும். நேற்று ஆடிய ஆட்டத்தில் எப்போதோ பழைய தேதி விழும். எது புதுசு எது பழசு என்று தெரியாமல் புதுசு அழிந்துபோகும். இப்படி ஒருவருக்கு மாசக்கணக்கில் ஆடியது போய்விட்டது. மறுநாள் அண்ணன் சட்டைப்பை நிறைய பேட்டரியுடன் கிளம்பினார். வீடு வீடாகக் கதவைத் தட்டி, "கம்ப்யூட்டர் இருக்காங்க? மணி என்ன காட்டுது?" போட்டு முடித்த வீட்டுச் சுவரில் சாக்பீஸால் ஒரு டிக். மூன்றாவது தெருவுக்குப் போவதற்குள் போலியோ சொட்டு மருந்துக்காரர் என்று நினைத்து ஒருத்தி கைக்குழந்தையைக் கொண்டுவந்து நீட்டிவிட்டாள். அண்ணன் குழந்தையை வாங்கிக் கொஞ்சிவிட்டு, "இவன் மணி சரியாத்தாம்மா காட்டுறான்" என்று திருப்பிக் கொடுத்தார்.

என்னை அவருக்குப் பிடிக்கும். நான் ஒன்பதாம் வகுப்போடு நின்றவன். இங்கிலீஷைக் கூட்டித்தான் படிப்பேன். கடையைப் பூட்டிவிட்டுப் பாதி வழியில் திரும்பிவந்து பூட்டை இழுத்துப் பார்க்கிற ஜாதி. "யோவ் ஜெராக்ஸ், ஒன்னாட்டம் பயந்தாங்கொள்ளிதான்யா இந்த வேலைக்கு லாயக்கு. தைரியசாலிங்கதான் எல்லாத்தையும் அழிக்கிறானுங்க" என்பார்.

அந்தப் பேச்சைப் பொய்யாக்கியதும் நான்தான்.

எங்கள் ஊரில் எஸ்தர் டீச்சர் என்று ஒருவர், நர்சரிப் பள்ளியில் வேலை. கணவர் துபாயில் கிரேன் ஓட்டினார். இரண்டு பேருக்கும் சேர்த்து ஒரே ஒரு ஆட்டம் இருந்தது, விவசாய ஆட்டம். உழுவது, விதைப்பது, அறுப்பது. டீச்சர் இங்கே வீட்டுக் கம்ப்யூட்டரில் ஆடி மேலே ஏற்றுவார். கணவர் அங்கே நெட் கிடைக்கும் இடத்தில் இறக்கிக்கொண்டு தன் முறையை லேப்டாப்பில் ஆடுவார். தங்கியிருந்த இடத்தில் நெட் கிடையாது. வாரமெல்லாம் ஆடிவிட்டு வெள்ளிக்கிழமை வெளியே போய் மேலே ஏற்றுவார். அப்புறம் டீச்சர் முறை. அப்படி முறை வைத்துக் கொடுத்ததே அண்ணன்தான்.

ஒரு வாரம் வெள்ளிக்கிழமைக்கு முன்பே டீச்சரின் கணவருக்கு நெஞ்சுவலி வந்துவிட்டது. பெட்டியில் உடம்பு வந்தது. பிறகு அவருடைய பையும், அதற்குள் லேப்டாப்பும் வந்தன.

நாலு மாதம் கழித்து டீச்சர் அதைத் துண்டில் சுற்றி எடுத்துக்கொண்டு கடைக்கு வந்தார். "அவரு கடைசியா ஆடினது இதுக்குள்ளதான் இருக்கு சார். நெட்ல போட்டா அழிஞ்சிடுமோன்னு தொறக்கவே இல்ல. அந்த வாரம் என்ன பண்ணினாருன்னு மட்டும் பாக்கணும்."

"பாத்துடலாம் டீச்சர். வெளிய உக்காருங்க" என்றார் அண்ணன். தன் கடை நெட் பெட்டியைப் பிடுங்கினார். தடுப்புக்குப் பின்னால் மேசையில் லேப்டாப்பை வைத்தார். முதலில் நகல் எடுத்துவிட வேண்டும் என்பது திட்டம். அதில் கொஞ்சம்தான் சார்ஜ் இருந்தது. அதன் பிளக் நம் ஊர் ஓட்டையில் நுழையாது. மாற்றுப் பிளக் தேட அண்ணன் ஏணி போட்டுப் பரண்மேல் ஏறினார். "யோவ் ஜெராக்ஸ், பாத்துக்க" என்று என்னை உட்காரவைத்தார்.

இரண்டு பேரும் மறந்தது ஒன்று. டீச்சரின் கணவர் விடுமுறையில் வந்தபோது என் கடையில்தான் விசா காகிதம் பிரிண்ட் எடுத்தார். என் கடை வைஃபையை அந்த லேப்டாப் மறக்கவில்லை. தானாகப் பிடித்துக்கொண்டது. ஆட்டமும் தானாக விழித்தது. திரை நடுவில் கட்டம் வந்தது. ஒன்றன்கீழ் ஒன்றாக இரண்டு பொத்தான்கள். மூலையில் சார்ஜ் சிவப்பாகிவிட்டது.

இங்கிலீஷ் எழுத்தெல்லாம் ஓடியது. ஊருக்கெல்லாம் அவர் கேட்ட கேள்வியை அன்றைக்கு நான் அவரைக் கேட்டேன்.

"அண்ணே, கட்டம் வந்துடுச்சு! மேலயா, கீழயா?"

"கீழ! கீழ!" என்று பரணிலிருந்து கத்தினார்.

நான் கீழே இருந்த பொத்தானை அழுத்தினேன்.

கம்ப்யூட்டரில் இருப்பது வேண்டும் என்பது மேல் பொத்தான். க்ளவுடில் இருப்பது வேண்டும் என்பது கீழ்ப் பொத்தான். அவருடைய 'கீழ' வேறு, என் கண்ணில் பட்ட 'கீழ' வேறு. இத்தனை வருஷம் அடுத்த கடையில் உட்கார்ந்து கேட்டும் எனக்கு அந்த நேரத்தில் அது தோன்றவில்லை.

அண்ணன் இறங்கி வந்தபோது பச்சை டிக் வந்திருந்தது. அதைப் பார்த்து அவர் முகம் செத்துப்போனதை அன்றுதான் பார்த்தேன். திரையில் டீச்சர் கடைசியாக விதைத்து அனுப்பிய வயல், விளைந்து, அறுக்க ஆள் இல்லாமல் நின்றது. கணவர் ஆடிய வாரம் இல்லை.

"என்னாச்சு சார்?" என்று டீச்சர் தடுப்புக்கு இந்தப் பக்கம் வந்தார்.

நான் வாயைத் திறப்பதற்குள் அண்ணன் சொன்னார்: "தப்பான எடத்துல அழுத்திட்டேன் டீச்சர்."

டீச்சர் திரையைப் பார்த்தார். "நாலு மாசம் பத்திரமா வெச்சிருந்தேனே சார்" என்றார். துண்டை மடித்து எடுத்துக்கொண்டு போய்விட்டார். லேப்டாப்பை எடுக்கவில்லை.

திட்டு அந்த ஞாயிற்றுக்கிழமைதான் வந்தது. டீச்சர் சர்ச்சில் ஆராதனை முடிந்து நேராகக் கடை வாசலுக்கு வந்து, "தெரியாத வேலைக்கு ஏன் சார் கடை வைக்கறீங்க?" என்று ஆரம்பித்தார். அண்ணன் எழுந்து நின்று, கண்ணாடியைக் கழற்றிக் கையில் வைத்துக்கொண்டு, முழுவதையும் கேட்டார். அடுத்த ஞாயிறும் அப்படியே. செத்தவன் ஆட்டத்தை அழித்தவர் என்று ஊரில் பெயராகிவிட்டது. முன்பக்க நாற்காலிகள் காலியாயின.

எனக்குத் தூக்கம் போய்விட்டது. "நான் போய்ச் சொல்லிடறேண்ணே."

"சொன்னா ஒனக்கு லேசாவும். அந்தம்மாவுக்கு? ஒரே விஷயத்துக்கு ரெண்டு காப்பி இருந்தா எது நெசம்னு சண்டதான்யா வரும். திட்டறதுக்கு ஒரு ஆளு கெடச்சிருக்கேன். அது ஒண்ணே இருக்கட்டும். வேலையப் பாரு."

அந்த லேப்டாப்பை அவர் விடவில்லை. குடவாசல் வரை போய் யார் யாரையோ கேட்டுவந்தார். ஒரு மாதம் தோண்டியதில் ஆட்டம் அழிந்தது அழிந்ததுதான் என்று தெரிந்தது. ஆனால் ஏதோ ஒரு மூலையில், பதிவுக்கு அடையாளமாக ஆட்டம் தானே எடுத்துவைத்த படம் ஒன்று மிஞ்சியிருந்தது. தபால் தலை அளவு, மங்கல். தேதி, டீச்சரின் கணவர் இறந்ததற்கு முந்தைய நாள்.

நான்தான் பிரிண்ட் போட்டேன். பெரிதாக்கினால் வெறும் சதுரம் சதுரமாகத் தெரிந்தது. அதனால் அதே அளவில் எடுத்தோம். டீச்சர் கண்ணுக்குப் பக்கத்தில் வைத்துப் பார்த்தார். வயலில் ஒரு பாதி அறுத்துக் கிடந்தது. மறுபாதி கதிரோடு நின்றது. அறுவடை இயந்திரம் வரப்போரம் நிறுத்தியிருந்தது.

"எனக்குன்னு விட்டு வெச்சிருக்காரு" என்றார் டீச்சர். பிறகு கண்ணைத் துடைத்துக்கொண்டு, "இத அன்னிக்கே எடுத்துக் குடுத்திருக்கலாம்ல? ஒரு மாசமா என்ன பண்ணினீங்க?" என்று அண்ணனைப் பிடித்துக்கொண்டார். அண்ணன் கண்ணாடியைக் கழற்றினார்.

இரண்டு வருஷம் இந்த ஞாயிற்றுக்கிழமைத் திட்டு நடந்தது. போன தை மாதம் அண்ணன் காய்ச்சல் என்று படுத்தார், எழவில்லை. சபைக் கல்லறைத் தோட்டத்தில் மண் போட்டு எல்லோரும் கலைந்த பிறகு டீச்சர் மட்டும் நின்றுகொண்டிருந்தார். நான் போய் மடமடவென்று சொல்லிவிட்டேன். பரண், கட்டம், கீழ, என் விரல், எல்லாம்.

டீச்சர் புது மண்மேட்டின் பக்கம் திரும்பினார். "அந்த மனுசன எவ்வளவு திட்டியிருக்கேன். ஒரு வார்த்த எதுத்துப் பேசலையே."

"பேசமாட்டாரு டீச்சர்."

"ஞாயித்துக்கிழம கடை உண்டா உனக்கு?"

ஞாயிறு எனக்கு விடுமுறை. "உண்டு டீச்சர்" என்றேன்.

வந்தார். அன்றிலிருந்து வந்துகொண்டிருக்கிறார். சில வாரம் திட்டுகிறார், சில வாரம் வெறுமனே நின்றுவிட்டுப் போகிறார். மழை பெய்தாலும் ஞாயிற்றுக்கிழமை நான் கடையைத் திறந்துவிடுகிறேன். எனக்குத் திட்டு வாங்கிப் பழக்கமில்லை. ஆனாலும் நின்று கேட்கிறேன். இனிமேல் இது என் முறை, அண்ணே. நீங்கள் தூங்குங்கள்.