சகனில் எழும்பிய இமயமலை

786

திண்டுக்கல்
27-9-1969, சனிக்கிழமை

வேடசந்தூர் மில் வாசலில் சாப்பாட்டுக்கடை வைத்து, ஷிப்டு முடிந்து வரும் அத்தனை வயிறுகளுக்கும் பதில் சொல்லிக்கொண்டிருக்கும் என் மாமா பீர் முகமது அவர்களின் மேலான சமூகத்துக்கு, தங்கள் அக்காள் மகன் ஜெகபர் அலி, பத்தாம் வகுப்பு பி பிரிவு (இந்த நிமிடம் வரை), தலை தாழ்த்தி சலாம் சொல்லி எழுதிக்கொள்வது. இங்கே அம்மா சுகம். தங்கச்சி நர்கீஸ் சுகம். அத்தா சுகமாகவும் கோபமில்லாமலும் இருக்கிறார். அவர் அப்படியே இருக்க வேண்டும் என்பதற்காகத்தான் இந்தக் கடிதம். தங்கள் சுகத்தையும் மாமி ஜெய்தூன் பீவி அவர்களின் முழங்கால் வலியின் சுகத்தையும் அறிய ஆவல்.

விஷயம் என்னவென்றால், வருகிற புதன்கிழமை காலை பத்து மணிக்குத் தாங்கள் கடையை மூடிவிட்டாவது எங்கள் பள்ளிக்கூடத்துக்கு வந்து, ஹெட்மாஸ்டர் பெருமாள்சாமி அவர்கள் முன்னால், "தப்பெல்லாம் என் மருமகன் மேல், சூசைமாணிக்கம் வாத்தியார் மேல் ஒரு தப்பும் இல்லை" என்று எழுதிக் கையெழுத்துப் போட வேண்டும். இல்லையென்றால் சூசைமாணிக்கம் சாரை வீட்டுக்கு அனுப்பிவிடுவார்கள். அத்தாவைக் கூப்பிடலாமே என்று தாங்கள் கேட்பீர்கள். அத்தா தோல் மண்டி வைத்திருப்பவர். இந்த விஷயம் அவர் காதுக்குப் போனால், அன்றைய சரக்கில் ஒரு தோல் கூடுதலாக இருக்கும்.

சூசைமாணிக்கம் சார் யாரென்று தங்களுக்குத் தெரியாது. பூகோள வாத்தியார். டெம்பரரி. போன ஆவணியில்தான் கல்யாணம் ஆச்சு, இப்போதான் வாடகைக்கு ஒரு வீடு பிடிச்சு சம்சாரத்தைக் கூட்டிட்டு வந்திருக்கார். இந்தப் பள்ளிக்கூடத்துல என்னை இதுவரைக்கும் அடிக்காத ஒரே வாத்தியார் அவர்தான். அடிக்கத் தோணாம இல்ல, பிரம்பை எங்கே வெச்சோம்னு மறந்திடுவார். அவருக்கு யாரோ ஒரு வெள்ளைக்காரப் பாதர் இங்கிலீஷ் பத்திரிகை ஒண்ணு குடுத்திருக்கார். அதைப் படிச்ச நாள்லேருந்து சாருக்குக் காலு தரையில நிக்கல. ஏன்னா தரையே நிக்கலையாம் மாமா! பூமியோட மேல் ஓடு ஒரே ஓடு இல்லையாம், கீழே விழுந்த பானை மாதிரி பல துண்டாக் கிடக்காம், ஒவ்வொரு துண்டும் ஒரு தட்டாம், நாம உக்காந்திருக்கிற தட்டு வருசத்துக்கு ரெண்டு அங்குலம் வடக்குப் பார்த்துப் போய்க்கிட்டு இருக்காம். இது சிலபஸ்ல கிடையாது, பாடப் புத்தகத்துல கிடையாது, ஹெட்மாஸ்டர் மண்டையிலயும் கிடையாது. ஆனா சார் போர்டுல வட்டம் வட்டமாப் போட்டு நடத்த ஆரம்பிச்சுட்டார்.

குஜிலியம்பாறையிலேருந்து வர்ற கருப்பணன் எந்திரிச்சு, "அப்ப எங்க ஊரு எப்ப சார் திண்டுக்கல்லுக்கு வந்து சேரும்? பஸ் காசு மிச்சமாகும்ல?"ன்னான். "திண்டுக்கல்லும் சேர்ந்துதாம்லே போகுது"ன்னு சார் சொன்னதும் அவன் மூஞ்சி தொங்கிப்போச்சு. "எங்க ஊர்ல அம்புட்டுத் தண்ணித் தட்டுப்பாடு, அதுவும் இந்தத் தட்டாலதானா சார்?"னு அடுத்ததாக் கேட்டான். சார் பொறுமையா, "தட்டும் தட்டும் சந்திக்கிற ஓரந்தாம்லே முக்கியம். மூணு வகை. விலகுற ஓரம், மோதுற ஓரம், உரசுற ஓரம். சரி, ஒரு தட்டு வந்து இன்னொரு தட்டை முட்டினா என்ன கிடைக்கும்?"னு கேட்டார். "தட்டுமுட்டுச் சாமான் சார்"னு நான் சொன்னேன். வகுப்பே சிரிச்சுது, சாரும் சிரிச்சார். அதான் அவருகிட்ட கஷ்டம், திட்டவும் மாட்டார். போர்டுல வரைஞ்சா ஏறலைன்னு தெரிஞ்சு, "வியாழக்கிழமை ஆளுக்கொரு தட்டு கொண்டாங்க, ஓரத்தோட ஓரம் வெச்சுத் தள்ளிப் பாப்போம்"னு சொல்லிட்டுப் போயிட்டார்.

இதுவரைக்கும் சார் பாடம். இனிமே என் பாடு. மாமா, நல்ல பாடம் ஒரு வகுப்போட நின்னுடக் கூடாதேன்னு ஒரு நல்லெண்ணத்துல, நோட்டீஸ் போர்டுல ஒரு சீட்டு எழுதி ஒட்டினேன். "வியாழன் பகல் 12 மணிக்குப் பத்தாவது பி-யில் தட்டுப் பாடம். தட்டோடு வருவோர் அனைவருக்கும் பரிமாறப்படும்." அம்புட்டுத்தான். கருத்துகள் பரிமாறப்படும்னுதான் எழுதணும். சீட்டு சின்னது, 'கருத்துகள்' பெருசு, இடம் பத்தல. இதைத் தாங்கள் எப்படியாவது ஹெட்மாஸ்டருக்கு விளக்க வேண்டும்.

புதன் சாயங்காலம் ஹெட்மாஸ்டர் பிரேயர் மணியடிச்சு எல்லாரையும் கூட்டி, "நாளைக்கு மாவட்டக் கல்வி அதிகாரி, டி.இ.ஓ. மலைச்சாமி அவர்கள் இன்ஸ்பெக்ஷனுக்கு வாரார், எல்லாரும் சட்டையைத் துவைச்சுப் போட்டுட்டு வாங்க"ன்னார். சாரைத் தனியாக் கூப்பிட்டு, "சூசை, நீங்க டெம்பரரி. புத்தகத்துல உள்ளதை மட்டும் நடத்துங்க. நாளைக்குப் பேரு கெட்டா நாளன்னைக்கே நீங்க வீட்டுல இருக்கலாம்"னு சொன்னதை நான் ஜன்னல் பக்கமா செருப்பு மாட்டிக்கிட்டு இருந்தப்ப கேட்டேன். செருப்பு மாட்டச் செத்த நேரம் ஆச்சு. அப்பத்தான் என் சீட்டு ஞாபகம் வந்துச்சு. ஓடிப்போய் சீட்டைக் கிழிச்சேன். கிழிச்சு என்ன பண்ண, ஊரே படிச்சிருச்சு.

வியாழக்கிழமை பன்னிரண்டு மணி. ஆறாம் வகுப்புலேருந்து பதினொண்ணு வரைக்கும் முந்நூறு பேர் கையில தட்டு. அலுமினியத் தட்டு, எவர்சில்வர் தட்டு, பீங்கான் தட்டு. ஒருத்தன் முறம் கொண்டாந்திருந்தான். வகுப்புல இடம் இல்லாம எல்லாரும் வேப்பமரத்தடியில வரிசை வரிசையா எதிரெதிர் உக்காந்து பந்தியாவே ஆயிட்டானுக. கேட்டுல கொய்யாப்பழம் விக்கிற பேச்சாயி அக்கா ஒரு கும்பாவோட வந்து உக்காந்து, "ஏப்பு, இலை போடலையா?"ன்னு கேக்குது. "இலை இல்லக்கா, தட்டு"ன்னேன். "சரி, வெஞ்சனம் என்ன?"ங்குது. என்னத்தச் சொல்ல?

அந்த நேரம் பார்த்து ஜீப்பு உள்ளே வந்துச்சு. டி.இ.ஓ. மலைச்சாமி இறங்கினார். பேருக்கேத்த ஆளு, ஜீப்பு ஒரு பக்கம் நிமிர்ந்துச்சு. முந்நூறு தட்டையும் பாத்துட்டு ஹெட்மாஸ்டரைப் பாத்தார். ஹெட்மாஸ்டர் சூசை சாரைப் பாத்தார். சார் தரையைப் பாத்தார். அது நகர்ந்து தன்னைக் கூட்டிட்டுப் போகாதான்னு பாத்திருப்பார்போல.

"என்னய்யா இது?"

"பூகோளம் சார்"னார் சூசை சார்.

"பூகோளமா, பூதானமா? யாருக்குய்யா சோறு போடுறீங்க?"

என்னால வந்த வினை, நான்தானே தீக்கணும்? பின்சுவர் ஏறிக் குதிச்சா நைனா முகமது வீட்டுக் கல்யாணம். சமையல்காரர்கிட்ட, "டி.இ.ஓ. வந்திருக்கார், ஒரு சகன் குடுங்க"ன்னேன். அவர் டி.இ.ஓ.ன்னா மாப்பிள்ளை வீட்டுப் பெரியவர்னு நினைச்சு, பிரியாணியைக் குவிச்சு, நடுவுல அவிச்ச முட்டையை வெச்சு, தால்சாக் குழம்பு வாளியோட குடுத்துட்டார். கேட்டு வழியா தலையில தூக்கிட்டு வந்து டி.இ.ஓ. காலடியில இறக்கினேன்.

"சார், இதான் பூமி. நாலு பேர் சுத்தி உக்காந்து ஒரே தட்டுல சாப்பிடுற சாப்பாடு, எங்கள்ள சகன்னு சொல்லுவோம். ஆளுக்குக் கால்வாசி சோறு. அவங்கவங்க பக்கம் அவங்கவங்களுக்கு. கோடு கிடையாது, ஆனா ஓரம் உண்டு. இதைப் பாத்தாப் புரியாது சார், உக்காந்தாத்தான் புரியும்."

மணி ஒண்ணு ஆகப்போகுது. அவர் வடமதுரைல ஒரு பள்ளிக்கூடத்தை முடிச்சுட்டு வர்றார், அங்கே டீயும் பிஸ்கட்டும்தான் குடுத்திருக்காங்க. பிரியாணி வாசனை அடிச்சதும் அவருக்குக் கல்வியில அக்கறை வந்திருச்சு. சட்டுனு சம்மணம் போட்டார். ஹெட்மாஸ்டரும் வேற வழியில்லாம உக்காந்தார். சூசை சார், நான், ஆக நாலு பேர். முந்நூறு பேரும் தட்டைக் கவுத்துப் போட்டு அது மேல ஏறி நின்னு வேடிக்கை பாக்குறானுக.

மாமா, அப்பத்தான் சூசை சாருக்கு உயிர் வந்துச்சு. "ஜெகபர், நம்ம ரெண்டு பேரும் சோத்தை அவங்கவங்க பக்கம் இழுப்போம்"னார். இழுத்தோம். நடுவுல வெடிப்பு விட்டு சகனோட அடி தெரிஞ்சுது. வாளியைச் சாய்ச்சு அதுல தால்சாவை விட்டார். "இது விலகுற ஓரம். கடலுக்கடியில தட்டு விலகுற இடத்துல கீழேயிருந்து பாறைக் குழம்பு வந்து ரொப்பி, ஆறி, புதுத் தரையாகுது. இங்க நான் மேலேயிருந்து ஊத்துறேன், அது ஒண்ணுதான் வித்தியாசம்"னார். "குழம்பு கொஞ்சம் எனக்கும்"னு பேச்சாயி அக்கா கும்பாவை நீட்டுச்சு.

அந்தப் பக்கம் ஹெட்மாஸ்டர், "ஐயா சாப்பிடணும்"னு மரியாதையா தன் சோத்தை டி.இ.ஓ. பக்கம் தள்ளினார். டி.இ.ஓ., "இல்ல இல்ல, நீங்க சாப்பிடுங்க"ன்னு திருப்பித் தள்ளினார். "ஐயா முதல்ல"ன்னு இவர் தள்ள, "அட நீங்க"ன்னு அவர் தள்ள, ரெண்டு பேருக்கும் நடுவுல சோறு மடிஞ்சு மடிஞ்சு மேலே எழும்புது மாமா! முட்டை உச்சியில ஏறி உக்காந்திருச்சு. "நிறுத்துங்க!"ன்னு சார் கத்தினார். ரெண்டு பேரும் கையை எடுத்துட்டாங்க. "பசங்களா, பாருங்கடா! ரெண்டு தட்டு எதிரெதிர் வந்து மோதிச்சு, யாரும் விட்டுக் குடுக்கல, நடுவுல எழும்பிச்சு பாருங்க, அதான் இமயமலை!" முந்நூறு பேரும் "ஓ"ன்னானுக. அது சும்மா போட்ட ஓ இல்ல மாமா, புரிஞ்ச ஓ. கருப்பணன் என் காதுல, "ஏலே, மலைச்சாமிதாம்லே மலையவே உண்டாக்கிட்டாரு"ன்னான். டி.இ.ஓ.வே குனிஞ்சு அந்தச் சோத்து மலையை ஒரு நிமிசம் பாத்துக்கிட்டே இருந்தார், கையைக்கூட வைக்கல.

இதோட எந்திரிச்சிருந்தா இந்தக் கடிதமே வந்திருக்காது. மூணாவது ஓரம் பாக்கி இருந்துச்சே! உச்சியில இருந்த முட்டைக்கு நான் இந்தப் பக்கமிருந்து கை நீட்டினேன். அதே முட்டைக்கு ஹெட்மாஸ்டர் அந்தப் பக்கமிருந்து நீட்டினார். ரெண்டு கையும் உரசி, முழங்கையோட முழங்கை சிக்கிக்கிச்சு. அவரும் இழுக்கல, நானும் விடல. "உரசுற ஓரம் இப்படித்தான் சிக்கிக்கும், ரொம்ப நாளைக்கு அசையாது"ன்னு சார் சந்தோசமாச் சொல்லிக்கிட்டிருக்கும்போதே சடார்னு கை விடுபட்டுச்சு. முட்டை தெறிச்சு, தால்சாவுல ஒரு முங்கு முங்கி, டி.இ.ஓ.வோட சலவைச் சட்டையில மூணாவது பட்டனுக்கு மேல போய் ஒட்டிக்கிச்சு.

"இதான் பூகம்பம்"னு சார் முடிச்சார். பாவம், பாட வேகத்துல வாய்க்கு வந்திருச்சு.

டி.இ.ஓ. முட்டையை எடுத்தார். சாப்பிட்டார். கை கழுவினார். நோட்டுல என்னமோ எழுதினார். ஜீப்புல ஏறிப் போயிட்டார். ஜீப்பு கேட்டைத் தாண்டினதும் ஹெட்மாஸ்டர் சார் பக்கம் திரும்பி, "பொண்டாட்டியை ஊருக்கு அனுப்பிடுங்க, பின்னாலேயே நீங்களும் போகலாம்"னுட்டார். நான் முன்னால போய், நோட்டீஸ் எழுதினது நான், சகன் தூக்கினது நான், முட்டைக்குக் கை நீட்டினதும் பாதி நான்னு சொன்னேன். "வாயால சொன்னா ஆச்சா? புதன்கிழமை பெரியவங்க யாரையாவது கூட்டியாந்து எழுதிக் குடு. இல்லேன்னா அவர் போறார்"னு சொல்லிட்டார்.

நேத்து சாரைப் பாத்தேன். சைக்கிளைத் தள்ளிக்கிட்டு வந்தார், ஏறல. "எப்படிலே, எல்லாத்துக்கும் புரிஞ்சுதா?"ன்னு அதைத்தான் கேட்டார். நான் விளையாட்டா எழுதின ஒரு வரிக்கு அந்த மனுசன் வேலையை விடக் கூடாது. ஆகையால் தாங்கள் எப்படியும் வந்துவிடவும். சட்டை வெள்ளையாக இருக்க வேண்டாம்.

மாமிக்கும் கடைக் கல்லாவுக்குப் பின்னால் தூங்கும் பூனைக்கும் என் சலாம். தங்கள் உலை என்றும் கொதிக்கவும், தங்கள் கோபம் என்றும் கொதிக்காமல் இருக்கவும் துஆ செய்துகொண்டிருக்கும்,

மருமகன்
மீ. ஜெகபர் அலி

பி.கு.: இன்று திங்கட்கிழமை சாயங்காலம். தபாலில் போடுவதற்குள் எல்லாம் தலைகீழாகிவிட்டது. டி.இ.ஓ. ரிப்போர்ட் வந்துவிட்டது. "இப்பாடம் எந்தப் புத்தகத்திலும் இல்லை. ஆனால் பிள்ளைகளுக்குப் புரிந்திருக்கிறது. எனக்கும் புரிந்தது. ஆசிரியர் சூசைமாணிக்கத்தை நிரந்தரமாக்கப் பரிந்துரைக்கிறேன்" என்று எழுதியிருக்கிறார். இன்று பிரேயரில் ஹெட்மாஸ்டர், அந்த ஏற்பாடு முழுக்கத் தன்னுடையது என்றும், நோட்டீஸைத் தானே சொல்லி ஒட்டவைத்ததாகவும் பேசினார். ஆகையால் மேலே "எழுதினது நான்" என்று வரும் இடங்களையெல்லாம் அடித்துவிட்டு "எழுதினது ஹெட்மாஸ்டர்" என்று திருத்திக்கொள்ளவும்.

ஆனாலும் புதன்கிழமை வந்துடுங்க மாமா. போன வெள்ளிக்கிழமை பூகோளப் பரீட்சை நடந்துச்சு. "மதுரை மாவட்டத்தில் விளையும் பயிர்கள் யாவை?"ன்னு ஒரு கேள்வி. நான், "மதுரை மாவட்டமே வருசத்துக்கு ரெண்டு அங்குலம் வடக்கே போய்க்கொண்டிருப்பதால், எந்தப் பயிர் இப்போது எங்கே விளைகிறது என்று உறுதியாகச் சொல்ல முடியாது"ன்னு ஆரம்பிச்சு நாலு பக்கம் எழுதிட்டேன். மிச்சக் கேள்விக்கு நேரம் பத்தல. இன்னிக்குப் பேப்பர் குடுத்தாங்க. நூத்துக்கு ஏழு. ஓரத்துல சிவப்பு மையில சூசைமாணிக்கம் சார், "பூமி நகரலாம். கேள்வி நகராது. பெரியவர்களை அழைத்து வரவும்"னு எழுதியிருக்கார்.

அதே பத்து மணிதான் மாமா. அவர்கிட்டேருந்து என்னைக் காப்பாத்தணும். பிரம்பு எங்கே இருக்குன்னு கண்டுபிடிச்சிட்டாராம்.