கொடியின் மறுமுனை

வாழ்க்கையில் ஒரே ஒரு முறைதான் நான் சத்தம் போட்டுப் பேசியிருக்கிறேன். அதற்கே பள்ளிக்கூடத்தை விட்டு அனுப்பிவிட்டார்கள். (அப்புறம் யாருக்குத்தான் பேசத் தோன்றும்?)

அப்போது ஆம்பூரில் ஐந்தாவது படித்தேன். நானும் பக்கத்தில் உட்காரும் கதீஜாவும் வெள்ளைக்காரனை விரட்டுவதென்று முடிவு செய்தோம். இன்ஸ்பெக்டர் துரை வரும் நாளில், ராஜா வாழ்த்துப் பாட்டு முடிவதற்குள் கொடியை விரித்துக் காட்ட வேண்டும். மாட்டினால் படிப்பு போச்சு. கொடி என் பாவாடைக்குள். கோஷம் கதீஜாவுடையது. என்னைப் போல வாயில்லாப் பூச்சியை யாரும் சந்தேகப்பட மாட்டார்கள் என்பது அவள் யோசனை.

பச்சைக்கு அவரை இலை கிடைத்தது. காவிக்கு எங்கே போவது? என் அப்பாவுக்குத் தோல் பதனிடும் ஷாப்பில் வேலை. அங்கே ஆவாரம்பட்டைத் தண்ணீரில் ஊறும் தோல் காவியாகத்தானே வருகிறது? தோலோடு தோலாகத் துணியையும் இரண்டு நாள் ஊறப்போட்டேன். நிறம் வந்தது. நாற்றமும் வந்தது. பிறந்ததிலிருந்து அதிலேயே இருக்கிற மூக்கு, எங்களுக்குத் தெரியவில்லை.

நாய்களுக்குத் தெரிந்துவிட்டது. கடைத்தெருவில் ஒன்று பின்னால் வந்தது. பள்ளிக்கூடம் சேர்வதற்குள் ஆறு.

"இதுங்க இன்னாத்துக்குடி வருதுங்க?"

"தெரியாத மாதிரி நட. திரும்பினே, மாட்டினோம்" என்றாள் கதீஜா.

பாட்டு பாதியில் இருக்கும்போது ஒரு செவலை நாய் உள்ளே புகுந்து என் பாவாடையை இழுத்தது. கொடி விழுந்தது. அதைக் கவ்விக்கொண்டு துரை முன்னால் ஓடியது. கோஷம் போட வேண்டிய கதீஜா நாய்க்குப் பயந்து பெஞ்சு மேல் ஏறி நின்றுவிட்டாள். எனக்கோ கொடி கிழிந்துவிடுமே என்கிற பயம்தான். பாய்ந்து ஒரு முனையைப் பிடித்து இழுத்தேன். நாய் மறுமுனையை விடவில்லை. நடுவில் கொடி அழகாக விரிந்தது.

எங்கிருந்து வந்ததோ, "சுயராஜ்யம் வேணும்" என்று கத்திவிட்டேன்.

பெரிய டீச்சருக்குக் கோபத்தைவிட ஆச்சரியம் ஜாஸ்தி. "ஏண்டி, நீயா? யாரு சொல்லிக் குடுத்தா?"

"நானேதான் டீச்சர்."

என் படிப்பு அன்றோடு சரி. கதீஜா படித்து டீச்சரானாள். இன்றும் பார்த்தால், "நாமதான்டி விரட்டினோம்" என்பாள். (நாமளாம். பெஞ்சு மேல் நின்றவள்.)

பெண் பார்க்க வந்தவர்களிடம் அப்பா இதை மறைக்கவில்லை, கொஞ்சம் பெருமையாகவே சொன்னார். என்னைக் கட்டியவர் கடைசிவரை, வாசலில் எந்த நாய் குரைத்தாலும், "உன் தொண்டர் படை வந்துட்டுது, போய்ப் பாரு" என்பார். இப்போது பேரன்கள் சொல்கிறார்கள். நானும் முறைத்துவிட்டு எழுந்துபோய் ஒரு கை சோறு வைத்துவிட்டு வருவேன்.

அன்றைக்கு மறுமுனையைப் பிடித்தது அதுங்கதானே.